பெயர்கள் ஓடி முடிந்த பிறகு வரும் காட்சி

பொதுமக்கள் வந்துபோகும் கட்டடத்தின் மேல்மாடியில் ஒரு வசதி இருந்தால், சக்கர நாற்காலியில் வருபவரும் அங்கே போய்ச் சேர வழி இருக்க வேண்டும். அந்த வழி எப்போதும் பயன்படும் நிலையில் இருக்க வேண்டும். இது விதி. எண்ணைச் சொல்ல மாட்டேன். சொன்னால் பாதிப் பேர் அடுத்த பக்கத்துக்குப் போய்விடுவீர்கள். எனக்கு அது மனப்பாடம். நகராண்மைக் கழகம் ஒன்றில் கட்டடப் பிரிவில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவள் நான். புதிதாக வேலைக்குச் சேர்ந்தவர்களுக்கு அந்த விதியை விளக்கிச் சொல்லும்போது, மனிதர்கள் ஒருவரையொருவர் எவ்வளவு அக்கறையோடு நினைத்துப் பார்த்திருக்கிறார்கள் என்று சொல்லிவிட்டு அதை இன்னொரு முறை வாசித்துக் காட்டுவேன்.

அந்த விதி உறங்கிக் கொண்டிருந்ததை நான் நேரில் பார்த்தது போன வருடம், மழைக்காலம் தொடங்கியிருந்த சமயம், சிங்கப்பூருக்கு இக்கரையில், செனாய்ப் பக்கம் இருக்கும் ஒரு பேரங்காடியில்.

என் தம்பி சிங்கப்பூரில் ஒரு தொழிற்சாலையில் நெடுங்காலம் வேலை பார்த்தவன். விடியுமுன் மோட்டார் சைக்கிளில் எல்லைப் பாலத்தைக் கடந்து போவான், இருட்டிய பிறகு திரும்புவான். கல்யாணம் ஒன்று நடந்தது, முடிந்தும் போனது. முதுகெலும்பில் புற்றுநோய் வந்து, இடுப்புக்குக் கீழே உணர்வு போன பிறகு என் வீட்டுக்கு வந்துவிட்டான். மருத்துவர் என்னைத் தனியாக அழைத்து, "சிகிச்சை முடிந்துவிட்டது" என்றார். நானும் அலுவலகத்தில் எத்தனையோ கோப்புகளில் 'முடிந்தது' என்று எழுதியிருக்கிறேன். அந்தச் சொல்லுக்கு என்ன அர்த்தம் என்று எனக்குத் தெரியும்.

அவனுக்கு ஒரு சினிமா நாயகன் மேல் பைத்தியம். நாயகன் என்று சொல்வதே தப்பு. முகமூடி போட்டுக்கொண்டு, உலகத்தைக் காப்பாற்றுவதைவிட அதைக் கிண்டல் செய்வதே முக்கியம் என்று திரிகிற ஒரு வாயாடி. நல்லவர்களை அவனுக்குப் பிடிக்காது, அவர்கள் உபதேசம் செய்வார்கள் என்று. கெட்டவர்களையும் பிடிக்காது, அவர்கள் உடை சகிக்கவில்லை என்று. பெரிய சண்டையை நடுவில் நிறுத்திவிட்டு நம் பக்கம் திரும்பி, இந்த இடத்தில் கதை எழுதியவருக்கு ஒன்றும் தோன்றவில்லை, அதனால் ஒரு கட்டடம் இடிந்து விழப்போகிறது என்பான். விழும். அவன் உடம்பில் தீராத வலி ஒன்று உண்டு. வலி கூடக் கூடப் பேச்சும் கூடும். என் தம்பிக்கு அவனைப் பிடித்ததற்குக் காரணம் வேறு வேண்டியதில்லை. அவனும் அப்படித்தான். வலி நிவாரணி கொடுக்க வாரம் ஒருமுறை வரும் தாதியிடம், "என் கால ரெண்டையும் வித்துருங்க சிஸ்டர், ரொம்ப ஓடாத வண்டி" என்பான். அந்தப் பெண் சிரித்துவிட்டு, வாசலில் காலணி மாட்டும்போது கண்ணைத் துடைத்துக்கொள்வாள்.

அந்த வாயாடியின் முந்தைய படங்களை அவன் சிங்கப்பூரில் வேலை முடிந்த கையோடு பார்த்தவன். புதுப்படம் வந்திருந்தது. அதைத் திரையரங்கில் முழுசாகப் பார்க்க வேண்டும். அவன் என்னிடம் கேட்டது அது ஒன்றுதான். கோயிலுக்குப் போக வேண்டும் என்றோ, பிரிந்து போனவளைப் பார்க்க வேண்டும் என்றோ கேட்கவில்லை.

"போன்லயே பாத்துரலாமேடா. யாராச்சும் அனுப்புவாங்களே," என்றேன்.

"அவன் தியேட்டர்ல உக்காந்திருக்கவங்களப் பாத்துத்தான் பேசுவான்கா. நான் கட்டில்ல படுத்துகிட்டு போன்ல பாத்தா, அவன் யாரப் பாத்துப் பேசுவான்? ஃபேனையா?"

வாதம் சரியாகத்தான் இருந்தது. வண்டியில் நெடுந்தூரம் போனால் முதுகு தாங்காது என்பதால் பக்கத்தில் இருக்கும் பேரங்காடியைத் தேர்ந்தெடுத்தோம். தெரிந்த வேன்காரர் நாற்காலியோடு ஏற்றி வந்து வாசலில் இறக்கினார். தம்பி புதுச்சட்டை போட்டிருந்தான்.

மின்தூக்கியின் முன்னால் ஒரு மஞ்சள் பலகை நின்றது. பழுது பார்க்கப்படுகிறதாம். பழுது பார்ப்பவர் யாரையும் காணோம். பலகையின் மேல் தூசி படிந்திருந்தது. காவலாளி, மலாய்க்காரப் பெரியவர், சங்கடத்தோடு கையை விரித்தார். "லிஃப்ட் ரோசாக் லா, கக். கெட்டுப்போச்சு, ரொம்ப நாளா இப்படித்தான்." அவருக்குத் தமிழ் கொஞ்சம் வந்தது. மேலே போக மின்படிக்கட்டுதான் வழி. ஆட்கள் சேர்ந்து தூக்கலாம்தான். ஆனால் முதுகு ஒரு பக்கம் சாய்ந்தாலும் ஆபத்து, யாரும் கையால் தூக்கவே கூடாது என்று மருத்துவர் சொல்லியிருந்தார்.

தம்பி அண்ணாந்து பார்த்தான். "கீழ கடை, மேல சினிமா. சொர்க்கம் மாதிரியே கட்டியிருக்கானுங்க பாரு. நல்லா நடக்கிறவனுக்குத்தான் நுழைவு."

நான் சிரிக்கவில்லை. கைத்தொலைபேசியில் அந்தப் பலகையைப் படம் எடுத்தேன். வீட்டுக்கு வந்து புகார்க் கடிதம் எழுதினேன். நல்ல கடிதம். விதியை மேற்கோள் காட்டி, படத்தை இணைத்து, பேரங்காடி நிர்வாகத்துக்கு அனுப்பி, உரிய அலுவலகத்துக்கும் நகல் போட்டேன். பணியில் இருந்த காலத்தில் அப்படி ஒரு கடிதம் என் மேசைக்கு வந்திருந்தால், எழுதியவர் யார் என்று விசாரித்திருப்பேன்.

"அக்கா, நீ நல்லாத்தான் எழுதியிருக்க," என்றான் தம்பி, நான் வாசித்துக் காட்டியபோது. "பதில் வர்றதுக்குள்ள நான் மேல போயிருவேன். லிஃப்ட் இல்லாமயே."

பதில் வரவில்லை. நினைவூட்டல் அனுப்பினேன். அதற்கும் வரவில்லை. அவனோ சோற்றைக் குறைத்துக்கொண்டே வந்தான். படத்தையும் திரையரங்கில் குறைத்துக்கொண்டே வந்தார்கள். ஒரு நாளைக்கு ஒரே ஒரு பகல் காட்சி என்றாகிவிட்டது. ஒருநாள் நானே கிளம்பிப்போய் விசாரணை முகப்பில் நின்றுகொண்டு, அங்கிருந்த பெண்ணிடம் விதியை ஒப்பித்தேன். அவள் பொறுமையாகக் கேட்டுவிட்டு ஒரு கருத்துப் படிவத்தை நீட்டினாள். சிரித்த முகம், சுமாரான முகம், அழுத முகம், ஏதாவது ஒன்றுக்கு வட்டம் போட வேண்டுமாம்.

என் பின்னால் நின்றிருந்த ஒருவர் மெல்லக் கூப்பிட்டார். நம்மவர்தான். சாமான் இறக்கும் பகுதியின் மேற்பார்வையாளர் என்று சட்டையில் இருந்தது.

"ஆன்ட்டி, இவங்ககிட்ட பேசி ஒண்ணும் ஆவாது. சாமான் ஏத்துற லிஃப்ட் ஒண்ணு பின்னாடி இருக்கு. நாற்காலியோட தாராளமா போவும். நாளைக்குப் பகல்ல கூட்டிட்டு வாங்க, நான் ஏத்திவிடறேன். ஆனா ஒண்ணு. ஆறு மணிக்கு என் ஷிஃப்ட் முடிஞ்சிரும். சாவிய அடுத்த ஆளுகிட்ட ஒப்படைக்கணும். அவன் கறாரான ஆளு. அதுக்கப்புறம் முதலாளி தவுக்கேயே வந்தாலும் திறக்க மாட்டான்."

சாமான் ஏற்றும் மின்தூக்கியில் ஆட்களை ஏற்றக்கூடாது. அதுவும் விதிதான். அந்த வாசகத்தைத் தாங்கிய பலகை மாட்டப்பட்டிருக்கிறதா என்று சோதிக்கவே கட்டடம் கட்டடமாக ஏறி இறங்கியவள் நான். "ரொம்ப நன்றி தம்பி" என்றேன்.

மறுநாள் 'ஆட்கள் ஏறக்கூடாது' என்ற அதே பலகையைப் பார்த்தபடி, முட்டைக்கோஸ் கூடைகளுக்கும் குடிநீர்ப் புட்டிகளுக்கும் நடுவில் என் தம்பி மேலே போனான். "நானும் ஒரு சரக்குதான்கா, காலாவதி தேதி கொஞ்சம் பக்கத்துல இருக்கு" என்றான். மேற்பார்வையாளர் சிரிப்பதா வேண்டாமா என்று தெரியாமல் என்னைப் பார்த்தார்.

பதினெட்டு வயதுக்கு மேற்பட்டவர்களுக்கான படம். நுழைவாயிலில் நின்ற பெண் வழக்கப்படி அடையாள அட்டை கேட்க வாய் திறந்து, எங்களைப் பார்த்து மூடிக்கொண்டாள். தம்பி விடவில்லை. அட்டையை எடுத்து நீட்டி, "நல்லாப் பாருங்க, அப்புறம் சின்னப்பையன உள்ள விட்டுட்டோம்னு வருத்தப்படக் கூடாது" என்றான்.

உள்ளே பத்துப் பன்னிரண்டு பேர்தான். படத்தின் நேரத்தை நான் முன்பே பார்த்து வைத்திருந்தேன். ஆறு மணிக்குள் தாராளமாக முடிந்துவிடும். விளம்பரங்களை நான் கணக்கில் எடுக்கவில்லை. எல்லா நடைமுறையும் தெரிந்தவள், படம் தொடங்குவதற்கு முன்னால் கார், கடன் அட்டை, கோழிப் பொரியல், வரப்போகும் படங்கள் எல்லாவற்றையும் காட்டுவார்கள் என்பதை மறந்துபோனேன். திரையரங்குக்கு நான் வந்து அவ்வளவு காலமாகியிருந்தது.

படம் தொடங்கியது. அந்த வாயாடி வந்தான், நம்மைப் பார்த்தான், பேசத் தொடங்கினான். அவன் வாயில் வருவதெல்லாம் வசவு. நம் நாட்டில் அதை ஒலியை அமுக்கித்தான் காட்டுவார்கள். வாய் அசையும், சத்தம் வராது. முதல் மௌனம் வந்தபோது, பக்கத்தில் இருந்து என் தம்பியின் குரல் அந்த இடத்தைத் தமிழில் நிரப்பியது. எங்கள் தோட்டத் தொழிலாளர் லயத்தில், தண்ணீர்க் குழாயடியில் கேட்டு வளர்ந்த சுத்தமான வசவு. வாயசைவுக்குக் கச்சிதமாகப் பொருந்தியது.

"டேய், சும்மா இருடா," என்றேன்.

"அவங்க விட்டுட்டாங்க, நான் போட்டேன். பழுது பாக்கறேன்கா."

அடுத்த மௌனத்துக்கு முன்வரிசையில் இருந்த இரண்டு இளைஞர்கள் காதைத் தீட்டிக்கொண்டு காத்திருந்தார்கள். தம்பி ஏமாற்றவில்லை. ஒருவன் திரும்பி, "அங்கிள், செம லா!" என்றான். பிறகு அந்த நாயகன் வாயை அசைக்கும்போதெல்லாம் மொத்த அரங்கும் என் தம்பிக்காகக் காத்திருந்தது. தமிழ் தெரியாத சீனத் தம்பதிகூடச் சிரித்தார்கள். நானும் சிரித்தேன் என்பதை இங்கே பதிவு செய்துகொள்கிறேன். அவன் முதுகு வலிக்கத் தொடங்கியிருந்தது எனக்குத் தெரியும். நாற்காலிப் பிடியை இறுக்கிக்கொண்டிருந்தான். வலி கூடக் கூட வசவும் தரமாகிக்கொண்டே போனது.

கடைசிச் சண்டை முடிந்து பெயர்கள் ஓடத் தொடங்கின. அந்த மாதிரிப் படங்களில் யாரும் உடனே எழுந்து போக மாட்டார்கள். எல்லாப் பெயர்களும் ஓடி முடிந்த பிறகு இன்னொரு சின்னக் காட்சி வரும். அதுதான் உண்மையான முடிவு என்று தம்பி சொல்லியிருந்தான். அப்போதுதான் பக்கக் கதவு திறந்து மேற்பார்வையாளர் தலையை நீட்டினார்.

"ஆன்ட்டி, போலாங்களா? அவன் வந்துட்டான், சாவி கேட்டு நிக்கிறான்."

"கொஞ்ச நேரங்க. பேர் ஓடி முடிஞ்சிரட்டும்," என்றான் தம்பி.

"அங்கிள், நான் பேசிப் பாத்துட்டேன். விட மாட்றான். ஆள ஏத்தினதே தப்புனு கத்துறான். மேல கம்ப்ளெயின் பண்ணிட்டான்னா என் வேலைக்கே..."

இருவரும் என்னைப் பார்த்தார்கள். திரையில் யார் யாருடைய பெயரோ ஏறிப் போய்க்கொண்டிருந்தது. எனக்குத் தெரிந்த கணக்கு ஒன்றுதான்: கதவு பூட்டிவிட்டால் மேலேயே மாட்டிக்கொள்வோம், மருந்து வீட்டில் இருக்கிறது, அந்த மனிதரின் வேலை நம் கையில் இருக்கிறது. "போலாம்டா," என்றேன். நாற்காலியைத் திருப்பும்போது அவன் கழுத்தை மட்டும் திரையின் பக்கமே வைத்திருந்தான்.

மின்தூக்கி வந்து நிற்பதற்குள் அரங்கின் உள்ளே இசை நின்றது. தம்பி கையை உயர்த்தினான். நாங்கள் மூவரும் காதைக் கொடுத்து நின்றோம். உள்ளே ஒரு சத்தமும் இல்லை.

"யாரும் சிரிக்கல," என்றான். "ஏதோ பெருசா சொல்லிருக்கான்."

அன்றிலிருந்து அதே பேச்சு. கடைசியில் என்ன சொன்னான்? இணையத்தில் தேடிச் சொல்கிறேன் என்றால் ஒப்புக்கொள்ளவில்லை. "அதுல நூறு பேரு நூறு மாதிரி சொல்வானுங்க. நீ போயி பாத்துட்டு வாக்கா. மீட்டிங்ல யாரு என்ன சொன்னாலும் அப்படியே எழுதுற ஆளு நீ. கூட்டாம குறைக்காம வந்து சொல்லு."

அந்தப் படத்தைத் தூக்குவதற்கு முந்தின நாள் நான் தனியாகப் போனேன். மஞ்சள் பலகை அங்கேயே நின்றது. மின்படிக்கட்டில் ஏறினேன். என்னைத் தவிர ஐந்தாறு பேர். அதே படம், அதே வாயாடி. ஆனால் ஒலி அமுங்கும் இடங்களில் வாய் மட்டும் அசைந்தது. அந்த மௌனங்களை நிரப்ப யாரும் இல்லை. எங்கே சிரிக்க வேண்டும் என்று எனக்குத் தெரியவில்லை.

பெயர்கள் ஓடி முடிந்தன. காட்சி வந்தது.

திரையில், எங்களுடையது போலவே ஒரு காலி அரங்கு. அந்த நாயகன் உள்ளே வந்து நடுவரிசையில் உட்கார்ந்தான். முகமூடியைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டான். நம்மைப் பார்த்தான். இப்போது பேசுவான், இப்போது பேசுவான் என்று காத்திருந்தேன். ஒலியை அமுக்கியிருக்கிறார்களோ என்று வாயை உற்றுப் பார்த்தேன். வாய் அசையவே இல்லை. படம் முழுக்க ஓயாமல் பேசியவன் அப்படியே நம்மைப் பார்த்துக்கொண்டிருந்தான். பிறகு விளக்கு எரிந்தது.

வீடு திரும்பும் வழியில், கொள்கலன் லாரிகளுக்குப் பின்னால் நின்றிருந்தபோது, ஏதாவது ஒரு நல்ல வசனம் தயாரித்துவிடலாமா என்று யோசித்தேன். ஒன்று கிடைத்தால் போதும், தம்பியின் தரத்தில் ஒரு கிண்டல். எனக்கு வரவில்லை. எத்தனையோ கூட்டங்களில் குறிப்பு எடுத்திருக்கிறேன்; சொல்லாத ஒன்றைச் சொன்னதாக ஒருமுறைகூட எழுதியதில்லை. அதைப் பெருமையாக நினைத்திருந்தவள் நான்.

அறைக்குள் நுழைந்ததும் அவன் தலையணையில் இருந்து எழும்பப் பார்த்தான். "என்னக்கா சொன்னான்?"

"ஒண்ணும் சொல்லலடா. முகமூடியக் கழட்டிட்டு உக்காந்திருந்தான். சும்மா நம்மளப் பாத்துகிட்டே இருந்தான். அவ்வளவுதான்."

"அவனா? சும்மாவா? நல்லாப் பாத்தியா? சத்தத்த வெட்டியிருப்பாங்க."

"வாயே அசையலடா. நான் உத்துப் பாத்தேன்."

அவன் தலையை மறுபடி தலையணையில் சாய்த்துக்கொண்டான். நான் கூட்டவும் இல்லை, குறைக்கவும் இல்லை என்று அவனுக்குத் தெரியும். அதனால்தானே என்னை அனுப்பினான்.

"அப்ப அவனுக்கும் தீந்து போச்சு," என்றான். "சரிக்கா. நீ போய்ச் சாப்புடு."

அதற்குப் பிறகு என் தம்பி ஒரு வேடிக்கையும் பேசவில்லை. தாதி வந்து, "என்ன அங்கிள், வண்டிய விக்கலாமா?" என்று அவளாகவே எடுத்துக் கொடுத்தாள். அவன் மரியாதையாகப் புன்னகைத்தான். எங்கே வலிக்கிறது என்று கேட்டால் இடத்தைக் காட்டினான். நான் வேண்டுமென்றே தப்புத்தப்பாகத் திட்டிப் பார்த்தேன், திருத்துவான் என்று. திருத்தவில்லை. முகமூடி கழன்ற முகத்தோடு என்னைப் பார்த்துக்கொண்டிருந்தான். போகும்வரை அப்படித்தான் இருந்தான்.

எப்படியும் நடந்திருக்கும், நோய் முற்றினால் பேச்சு நின்றுவிடும் என்று தாதி எனக்கு ஆறுதல் சொன்னாள். இருக்கலாம். ஆனால் அந்த அரங்கில் நாங்கள் இருவரும் உட்கார்ந்திருந்து, அவன் அந்த மௌனத்தைத் தன் கண்ணால் பார்த்திருந்தால், மற்ற மௌனங்களைப் போலவே அதையும் ஏதாவது ஒரு வசவால் நிரப்பியிருப்பான். முன்வரிசைப் பையன்கள் திரும்பிப் பார்த்துச் சிரித்திருப்பார்கள். அந்தக் காட்சி அதற்காகத்தான் காலியாக விடப்பட்டிருந்ததோ என்னவோ. நான் அதை வீட்டுக்குக் கொண்டுவந்து, வெறும் மௌனமாகவே அவன் கையில் கொடுத்துவிட்டேன்.

பேரங்காடி நிர்வாகத்திடமிருந்து பதில் வந்தது. நல்ல மலாய், பிழையில்லாத கடிதம். என் புகார் கவனத்தில் கொள்ளப்பட்டதாம். மின்தூக்கி சீர்செய்யப்பட்டு இயங்கிக்கொண்டிருக்கிறதாம். காட்டிய பொறுமைக்கு நன்றியாம். குடும்பத்தோடு மீண்டும் வர வேண்டுமாம். நடைமுறைப்படி, எந்தக் கடிதம் வந்தாலும் அது கைக்கு வந்த நாளை மேல் ஓரத்தில் குறித்துவைப்பது என் வழக்கம். வாசலில் பந்தல் போட்டிருந்தது, ஐயர் உள்ளே மந்திரம் சொல்லிக்கொண்டிருந்தார், நான் ஈரக்கையோடு பேனாவைத் தேடி எடுத்தேன். எல்லா விதிகளும் தெரிந்த எனக்கு, ஒரு மனிதனிடம் எதைச் சொல்லக்கூடாது என்பதற்கு மட்டும் விதி தெரியாமல் போனதை இன்றும் நினைவூட்டிக்கொண்டிருப்பது அந்த ஓரத்தில் என் கையெழுத்தில் இருக்கும் தேதிதான்: என் தம்பியின் பதினாறாம் நாள் காரியம்.